பந்தயக் காரில் நான் வைத்த பொட்டு

1

நாற்பது வருடங்களுக்கு முன் நான் ஒரு தவறு செய்தேன். அதை மறைக்க ஒரு குற்றமும் செய்தேன். பந்தயக் கார் ஒன்றின் ஸ்டீயரிங் இணைப்பில், நட்டு கழலாமல் பிடிக்கும் ஒரு சிறிய பின் போட மறந்தேன். அதனால் என் நண்பன் தேவய்யா இடது காலை இழந்தான். அது மறதி. ஆனால் அன்றே, யாரும் பார்க்காத ஐந்து நிமிடத்தில், அந்த மறதியை மாரப்பன் என்ற மெக்கானிக்கின் தலையில் கட்டினேன். அது தெரிந்தே செய்தது. அந்தப் பழியால் அவர் தன் கராஜை மூட வேண்டியதாயிற்று. நான் இரண்டு மாதம் கழித்து இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறினேன்.

இந்த மலருக்கு நான் ஆண்டுதோறும் எழுதும் குறிப்புகளில் கோவென்ட்ரியின் பனியையும், கறிவேப்பிலை தேடி நான் மாறிய மூன்று பஸ்களையும், எங்கள் தெருக் கிழவர்களையும் படித்திருப்பீர்கள். படித்துவிட்டு மைசூரிலிருந்து சிலர் கடிதம் எழுதினீர்கள். என்னை நேர்மையான மனிதர் என்று ஒருவர் எழுதியிருந்தார். அந்தக் கடிதத்துக்கு நான் பதில் போடவில்லை. இதுதான் பதில்.

2

இங்கே என் வேலை என்னவென்று இதுவரை நான் விவரமாகச் சொன்னதில்லை. கார் ஆலை ஒன்றில் பரிசோதனைப் பிரிவில் முப்பத்து மூன்று வருடம் இருந்தேன். தளத்தில் கார்கள் வரிசையாக நகர்ந்து வரும். ஸ்டீயரிங், பிரேக், சக்கரம் ஆகியவற்றின் நட்டுகளை முடுக்கியவன் ஒவ்வொன்றின்மேலும் மஞ்சள் பெயின்ட்டால் ஒரு புள்ளி வைப்பான். புள்ளி இருந்தால் வேலை முடிந்தது என்று பொருள். நான் புள்ளியை நம்புவதில்லை. டார்ச்சை அடித்து உள்ளே பார்ப்பேன், மறுபடி கழற்றி முடுக்கச் சொல்வேன். எனக்கு 'மிஸ்டர் ஒன்ஸ்மோர்' என்று பெயர் வைத்திருந்தார்கள். ஓய்வு பெற்ற அன்று அந்தப் பெயரை கேக்கின்மேல் எழுதிக் கொடுத்தார்கள். எல்லோரும் சிரித்தார்கள். இந்தியர்கள் எவ்வளவு கவனமானவர்கள் என்று மேலாளர் பேசினார். நான் கேக்கை வெட்டினேன்.

இப்போது காலை ஏழு மணிக்கு எழுந்து, காபி போட்டு, செய்தித்தாளும் ரொட்டியும் வாங்கக் கடைக்குப் போய் வருவதுதான் என் நாள். மனைவி கமலா இறந்து நான்கு வருடம் ஆகிறது. அவளுக்கும் நான் சொல்லவில்லை.

சென்ற ஆகஸ்டில் குடகிலிருந்து கடிதம் வந்தது. தேவய்யா எழுதியது. வருடத்துக்கு ஒரு வாழ்த்து அட்டை அனுப்புவான், கடிதம் அபூர்வம். காபிக் கொட்டை உலர்த்தும் கொட்டகையில் இத்தனை வருடம் தார்ப்பாய்க்கு அடியில் கிடந்த எங்கள் பழைய பந்தயக் காரை அவன் மருமகன் ஓட்டும் நிலைக்குக் கொண்டுவந்துவிட்டானாம். அந்த வருடத் தசராவுக்கு மைசூரில் பழைய கார்களின் ஊர்வலம் ஒன்று ஏற்பாடாகியிருந்தது. காரோடு வைக்க ஒரு சிறு புத்தகம் அச்சிடப் போகிறானாம். 'நம் காலத்துப் பந்தயங்களின் வரலாற்றை உன்னைவிட நன்றாக யார் எழுத முடியும்? விபத்தைப் பற்றி மட்டும் நானே எழுதிவிட்டேன், அதைச் சேர்த்துக்கொள்' என்றிருந்தது.

தனித் தாளில் அந்த வரிகள் இருந்தன. 'எட்டாவது சுற்றில் ஸ்டீயரிங் இணைப்பு கழன்றது. மெக்கானிக் மாரப்பன் பின் போடாமல் விட்டிருந்தார். அவரை நான் என்றோ மன்னித்துவிட்டேன்.'

அதுவரை அது எங்கள் மூன்று பேரின் நினைவில் இருந்த பொய். இனி அச்சில் இருக்கும். நாங்கள் மூவரும் போன பிறகும் இருக்கும்.

3

வரலாற்றுப் பகுதியை ஒரே வாரத்தில் எழுதிவிட்டேன். அது எளிதாக வந்தது.

போர் முடிந்தபோது இங்கிலாந்தில் பந்தயக்காரர்கள் இருந்தார்கள், ஓட்ட இடம் இல்லை. குண்டுவீச்சு விமானங்களுக்காகப் போட்ட ஓடுதளங்கள் மட்டும் புல் முளைத்துச் சும்மா கிடந்தன. வளைவுகளில் வைக்கோல் கட்டுகளையும் எண்ணெய் பீப்பாய்களையும் அடுக்கி, அவற்றையே பந்தயத் தடம் ஆக்கிக்கொண்டார்கள். நம் ஊரிலும் அதே கதை. சென்னைக்கு அருகே சோழவரத்திலும், பெங்களூரைச் சுற்றியும் கிடந்த போர்க்கால ஓடுதளங்களில்தான் நம் ஆட்கள் கார் ஓட்டக் கற்றார்கள்.

வார நாட்களில் அலுவலகத்துக்கு ஓட்டிப்போகும் இரண்டு இருக்கை ஸ்போர்ட்ஸ் காரை, ஞாயிற்றுக்கிழமை முன்கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பந்தயத்துக்குக் கொண்டுபோகும் காலம் அது. இருக்கைப் பட்டை கிடையாது. கார் தீப்பிடித்து உள்ளே மாட்டிக்கொள்வதைவிட வெளியே தூக்கி எறியப்படுவது மேல் என்று எல்லோரும் நம்பினார்கள். பிரான்சில், லெமான் இருபத்துநான்கு மணி நேரப் பந்தயத்தில், ஒரு கார் கூட்டத்துக்குள் பாய்ந்து எண்பதுக்கு மேற்பட்டவர்கள் இறந்த செய்தி வந்த பிறகும் நாங்கள் பயப்படவில்லை. அது வேகமான ஊர்களின் விஷயம் என்று நினைத்தோம். டிரம் பிரேக்கின் இடத்தில் டிஸ்க் பிரேக் வந்ததும், முன்னால் இருந்த என்ஜின் ஓட்டுபவனின் முதுகுக்குப் பின்னால் போனதும் எங்களுக்கு வெறும் படங்கள். ஆறு மாதம் கழித்துக் கப்பலில் வரும் ஆங்கிலப் பத்திரிகைகளில் அவற்றைப் பார்ப்போம்.

எங்கள் கார், சொந்த நாடு திரும்பிய வெள்ளைக்கார எஸ்டேட் மேனேஜர் ஒருவர் விட்டுப்போனது. தேவய்யாவின் அப்பா வாங்கி மகனுக்குக் கொடுத்தார். உதிரிப் பாகம் வராது. வெளிநாட்டிலிருந்து தருவிக்க அனுமதியும் கிடைக்காது. மாரப்பன் அதை தேவராஜ மொஹல்லா மார்க்கெட்டுக்குப் பின்னால் இருந்த தன் கராஜில் பிரித்துப் போட்டு, ராணுவ ஜீப்பின் பாகங்களையும் அலுமினியத் தகட்டையும் வைத்துப் பந்தயக் காராகக் கட்டினார். அவர் கொள்ளேகாலத்துக்காரர், என்னைவிட ஆறு வயது மூத்தவர். நான் ரயில்வே குமாஸ்தா ஒருவரின் மகன். என்ஜினீயரிங் முடித்துவிட்டுக் கணக்குப் போட்டுக் கொடுப்பவன்.

அக்காலப் பந்தய என்ஜின்களுக்கு விளக்கெண்ணெய்தான் ஊற்றுவோம். அதிக வேகத்திலும் அது காய்ந்து போகாது. புகையில் பிரசவ வீட்டு வாசனை அடிக்கும். அந்த விளக்கெண்ணெயில் கொஞ்சம் குங்குமத்தைக் குழைத்து ஒரு தகர டப்பாவில் மாரப்பன் வைத்திருப்பார். ஒரு நட்டை முடுக்கி, பின்னைச் செருகி, அதன் இரண்டு காலையும் மடக்கிய பிறகுதான் தீக்குச்சியால் ஒரு பொட்டு வைப்பார். பொட்டில் பாதி நட்டின்மேலும் பாதி அது உட்காரும் இரும்பின்மேலும் விழும். நட்டு மயிரிழை திரும்பினாலும் பொட்டு இரண்டாகப் பிரிந்து காட்டிக்கொடுக்கும்.

"என்ன மாரண்ணா, காருக்கு சீமந்தமா?" என்று நான் கேலி செய்வேன்.

"நீங்க நோட்டுல டிக் அடிக்கறீங்க, நானு இதுல அடிக்கறேன். உங்க நோட்ட வண்டிகூட அனுப்ப முடியுங்களா இஞ்சினீரே?" என்பார்.

பின்னாளில் ஆலையில் மஞ்சள் புள்ளியை முதன்முதலாகப் பார்த்த அன்று, அந்த நட்டை நானே கழற்றி மறுபடி முடுக்கினேன்.

4

பந்தயம் பெங்களூருக்கு வெளியே. முந்தின நாளே மாரப்பன் எல்லா வேலையையும் முடித்துப் பொட்டு வைத்துவிட்டார். காலையில் விளக்கெண்ணெய் டின் வாங்கி வர அவர் போனார். தேவய்யா ஓட்டுநர்கள் கூட்டத்துக்குப் போயிருந்தான். காரோடு நான் மட்டும் இருந்தேன்.

அந்த வாரம் வந்த பத்திரிகையில், முன்சக்கரங்களின் கோணத்தைச் சற்று மாற்றினால் கார் வளைவில் இன்னும் கூர்மையாகத் திரும்பும் என்று படித்திருந்தேன். மாரப்பன் கேட்டால் வேண்டாம் என்பார். அவர் வருவதற்குள் செய்துவிட்டு, ஜெயித்த பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். ஸ்டீயரிங்கை இடது சக்கரத்தோடு இணைக்கும் டைராடு முனையின் பின்னைப் பிடுங்கினேன், நட்டைக் கழற்றினேன். பெட்ரோல் துணியால் எல்லாவற்றையும் துடைத்தேன். பொட்டும் போயிற்று. கோணத்தை மாற்றி நட்டை முடுக்கினேன். பழைய பின் ஒடிந்துவிட்டது. புதிய பின் எடுக்க மாரப்பனின் பெட்டியை நோக்கித் திரும்பினேன். அப்போது காரைத் தொடக்கக் கோட்டுக்குத் தள்ளச் சொல்லி ஒலிபெருக்கியில் அழைத்தார்கள். தேவய்யா ஹெல்மெட்டைக் கட்டிக்கொண்டே ஓடி வந்தான். நாங்கள் தள்ளினோம்.

ஏழு சுற்று நட்டு தாங்கியது. ஏழு சுற்றிலும் எங்கள் கார் முன்னால் இருந்தது. எட்டாவது சுற்றில், நீண்ட நேர்ப்பாதையின் முடிவில், கார் வளையாமல் நேரே போய்ப் பீப்பாய்களில் மோதியது. கவிழ்ந்தது. மாரப்பன்தான் முதலில் ஓடினார். அங்கே நின்ற ராணுவ ஜீப்பில் தேவய்யாவைத் தூக்கிப் போட்டு, அவன் காலைத் தன் வேட்டியால் இறுக்கிக் கட்டி, கூடவே ஆஸ்பத்திரிக்குப் போனார்.

நான் போகவில்லை. காரை டிராக்டரில் கட்டி இழுத்து வந்து கொட்டகையில் விட்டார்கள். குனிந்து பார்த்தேன். நட்டு எங்கோ தெறித்துப் போயிருந்தது. இரும்பு சுத்தமாக இருந்தது. காரில் மற்ற எல்லா இடத்திலும் சிவப்பு இருந்தது, அந்த ஒரு இடத்தில் இல்லை. மாரப்பன் வந்து பார்த்தால் ஒரு நொடியில் தெரிந்துவிடும், தனக்குப் பிறகு யாரோ கை வைத்திருக்கிறார்கள் என்று.

எனக்கு இங்கிலாந்தில் ஆலைப் பயிற்சிக்கு இடம் வாங்கிக் கொடுத்தவர் தேவய்யாவின் அப்பா. டிக்கெட் என் பெட்டியில் இருந்தது.

மாரப்பனின் டப்பாவைத் திறந்தேன். தீக்குச்சியால் தொட்டு, நட்டு இருந்த இடத்தின் விளிம்பில் அரைப் பொட்டு வைத்தேன். டப்பாவை இருந்த இடத்திலேயே வைத்தேன். கையைத் துடைத்தேன்.

சாயங்காலம் பரிசோதகர் வந்தார், ஓய்வுபெற்ற மேஜர். மாரப்பனும் திரும்பி வந்திருந்தார், சட்டை முழுக்க ரத்தம். மேஜர் டார்ச்சை அடித்துக் காட்டி ஆங்கிலத்தில் கேட்டார். நான்தான் தமிழில் சொன்னேன்.

"இது உங்க பொட்டுதானான்னு கேக்கறார் மாரண்ணா."

அவர் வெகுநேரம் பார்த்தார். "என்ற பொட்டுதானுங்க."

"பின் போட்டீங்களான்னு கேக்கறார்."

"போட்டிருப்பனுங்க."

"போட்டீங்களா?"

அவர் தன் வலது கையை எடுத்து இடது கையில் வைத்துப் பார்த்தார். பின் போட்டிருந்தால் அது அறுந்த தடம் துளையில் இருக்கும், இல்லை என்று மேஜர் ஆங்கிலத்தில் சொன்னார். அதையும் நான் மொழிபெயர்த்தேன்.

5

தேவய்யாவின் கடிதத்துக்குப் பிறகு மூன்று வாரம் நான் சரியாகச் சாப்பிடவில்லை. மகள் வசந்தி கண்டுபிடித்துவிட்டாள். அவள் வக்கீல், பர்மிங்ஹாமில் இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் வருவாள். ஐந்து வயது வரை அருமையாகத் தமிழ் பேசினாள். பள்ளியில் ஆசிரியை வீட்டிலும் ஆங்கிலமே பேசுங்கள் என்றார், நாங்களும் கேட்டோம். இப்போது எனக்காகத் தேடி எடுத்துப் பேசுவாள். மரியாதையும் ஒருமையும் கலந்து வரும்.

எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் சொன்னேன். தமிழில் சொல்ல நா எழவில்லை. அவள் தமிழில் கேட்டாள்.

"அப்பா, நீ பொய் சொன்னீங்களா?"

"ஆமாம்."

"அந்த ஆள் இருக்கானா?"

"இருக்கார். இருக்கார்னு சொல்லணும்."

"என்னைத் திருத்தாதே அப்பா. இன்னிக்கு வேண்டாம்." எழுந்து பாத்திரங்களைக் கழுவினாள். முதுகைக் காட்டியபடியே, "நான் சின்னப் பொண்ணா ஒரு பென்சில் திருடினேன், ஞாபகம் இருக்கா? திருப்பிக் குடுக்கக் கடைக்கு என்னை நடத்திக் கூட்டிப் போனே. மழையில" என்றாள்.

அதற்குப் பிறகு அவள் இரண்டு ஞாயிறு வரவில்லை.

இந்திய விசா அலுவலகத்தில் நான்கு மணி நேரம் நின்றேன். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்த பெண் என் பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டைப் புரட்டிவிட்டுச் சிரித்தாள். "பிறந்த ஊர் மைசூரா? போற காரணம் எழுதாம விட்டுட்டீங்களே சார். சொந்தக்காரங்களைப் பார்க்கவா?"

"இல்லை."

"வியாபாரமா?"

"இல்லை."

"அப்போ டூரிஸ்ட்னு போட்டுடறேன்" என்று அவளே போட்டுவிட்டாள். நான் பிறந்த ஊருக்குச் சுற்றுலாப் பயணியாகப் போனேன்.

6

மாரப்பன் இப்போதும் தேவராஜ மொஹல்லாவில்தான் இருக்கிறார். கராஜ் இருந்த இடத்தில் துணிக்கடை. அதற்கு எதிர்ச்சந்தில், இரண்டு பேர் நிற்கும் அகலத்தில், தையல் மெஷின் பழுது பார்க்கும் கடை வைத்திருக்கிறார். கடைக்கு வழி கேட்க நான் பேசிய கன்னடம் நாற்பது வருடம் பழையது. பூக்காரர் என்னை எந்த ஊர் என்று விசாரித்தார்.

என்னைப் பார்த்ததும் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார்.

"அட, இஞ்சினீரு தம்பிங்களா! சீமையில இருந்து எப்ப வந்தீங்க? ஏனுங், தலையெல்லாம் இப்படி வெளுத்துப் போச்சு, அங்க வெயிலே இல்லீங்களா?" சந்தோஷத்தில் எழுந்தவர் ஸ்டூலைத் தள்ளிவிட்டார். காபி சொன்னார். அந்தச் சந்தோஷத்தைத் தாங்குவதுதான் எனக்குக் கஷ்டமாக இருந்தது.

"எப்படி இருக்கீங்க மாரண்ணா?"

"இருக்கறனுங்க. தையல் மிசினு. இதுல நட்டு கழண்டா நூலு அறும், அவ்வளவுதான். ஆருக்கும் காலு போகாது."

காபி வந்தது. அவர் தானாகவே பேசினார். "நம்ம தேவய்யா சின்ன தொரை கார வெளிய எடுத்துட்டாராமே, கேள்விப்பட்டீங்களா? நானு வருசா வருசம் தசரா முடிஞ்சதும் மடிகேரி பஸ் ஏறி, மன்னிப்பு கேக்க அவரு எஸ்டேட்டுக்குப் போயிருவனுங்க. மொத ஒம்போது வருசம் கேட்டுக்கு வெளியவே நின்னுட்டு வந்தேன். பத்தாவது வருசம் உள்ள கூப்பிட்டு, கன்னடத்துல 'பிடு மாரப்பா, போகட்டும்'னாரு. காப்பி குடுத்தாரு. அன்னிக்கு அழுதனுங்க பாருங்க, பஸ்ஸுல பக்கத்துல இருந்தவன் எந்திரிச்சு வேற சீட்டுக்குப் போயிட்டான்." சிரித்தார்.

நான் டம்ளரைக் கீழே வைத்தேன். "மாரண்ணா, அன்னிக்கு நீங்க பின் போட்டிருந்தீங்க."

"என்னுங்க?"

"நீங்க போட்டீங்க. காலைல நான் கழட்டினேன். மறுபடி போட மறந்துட்டேன்."

அவருக்கு அது உடனே ஏறவில்லை. "பொட்டு இருந்துச்சே" என்றார், எனக்கு நினைவுபடுத்துவதுபோல.

"அது நான் வெச்சது. நீங்க ஆஸ்பத்திரிக்குப் போனப்புறம்."

"எந்த டப்பாவுல?"

"உங்க டப்பால இருந்துதான்."

அவர் எதிரில் இருந்த மெஷினின் சக்கரத்தைக் கையால் பிடித்து நிறுத்தினார். அது ஓடிக்கொண்டிருக்கவில்லை. அப்படியே பிடித்திருந்தார். சந்தில் யாரோ சைக்கிள் மணியை அடித்துக்கொண்டு போனார்கள்.

"இந்தக் கைய நானு நம்பறதில்லீங்க" என்றார். குரல் உயரவில்லை. "நாப்பது வருசமா. வீட்டுல கேஸ் அடுப்ப நானு மூடுனா எம்பொண்டாட்டி எந்திரிச்சுப் போயி பாத்துட்டு வரோணும். பேத்தி பொறந்து ஒரு வருசம் ஆச்சு. இன்னும் நானு தூக்குனதில்ல. எங்கியாச்சும் உட்ருவனோன்னு. அந்தப் பின்னு போட்டமா போடலயான்னு எத்தன தடவ மனசுக்குள்ள போட்டுப் பாத்திருப்பேன் தெரியுமுங்களா? போட்டாப்பலதான் வரும். ஆனா பொட்டு இருக்குதே. அப்ப இந்தப் புத்திதான் பொய்யி சொல்லுதுன்னு முடிவு பண்ணுனேன்."

"மாரண்ணா..."

"செய்யாததுக்கு மன்னிப்பு வாங்க வெச்சுட்டீங்களே. அவரு குடுத்தாரு. நானும் ரெண்டு கையிலயும் வாங்கிட்டு வந்தேன்." இப்போது குரல் உயர்ந்தது. "அந்த மேஜரு கேட்டப்ப, எங்கிட்ட நீங்கதானய்யா தமிழ்ல கேட்டீங்க! ஏப்பா, உன்ற வாயில எப்படி வந்துச்சு அந்தக் கேள்வி?"

என்னை அவர் ஒருமையில் பேசியது அதுவே முதல் தடவை. நான் எழுந்து நின்றேன். அவர் காலில் விழக் குனிந்தேன்.

"வேண்டா" என்று காலை ஸ்டூலுக்குப் பின்னால் இழுத்துக்கொண்டார். "எங்கால்ல ஒண்ணுமில்ல. போனது அவரு காலு. நாளைக்கு அவரு முன்னால சொல்லு. நானும் நிப்பேன்."

7

தேவய்யா காரோடு ஊர்வலத்துக்காக மைசூருக்கு வந்து, மருமகன் வீட்டில் தங்கியிருந்தான். கொட்டகையில் கார் பச்சை பெயின்ட்டில் நின்றது. அவன் பக்கத்தில் நாற்காலியில், செயற்கைக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தான். நான் நின்றுகொண்டே சொன்னேன். மாரப்பன் வாசற்படியில் நின்றார், உள்ளே வரவில்லை. தேவய்யா கன்னடத்தில்தான் பேசினான். இங்கே தமிழில் தருகிறேன்.

முழுக்கக் கேட்டுவிட்டு அவன் முதலில் கேட்டது இது: "எவ்வளவு மாத்தினே? கோணத்தை?"

"அரை டிகிரி."

"கார் அற்புதமா வளைஞ்சுது. ஏழு சுத்தும். மாரப்பன் கை வேலைன்னு நெனச்சேன்." தன் காலைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்க்காமலே சொன்னான்: "தப்பான ஆளை மன்னிக்க எனக்குப் பத்து வருஷம் ஆச்சு. உன்னை மன்னிக்க எனக்கு அவ்வளவு நாள் பாக்கி இருக்கான்னு தெரியலை. புத்தகத்தை அச்சுக்கு அனுப்பாம நிறுத்தி வெக்கறேன், அதில நீயே எழுது. முழுசா எழுது."

எழுதினேன். ஊர்வலம் முடிந்த பிறகு அச்சாயிற்று. என் பெயர், மாரப்பனின் பெயர், பொட்டு, டப்பா எல்லாம் அதில் இருக்கின்றன.

பிறகு அவன் கைத்தடியை ஊன்றி எழுந்து வாசல்வரை நடந்தான். மாரப்பனின் முன்னால் நின்றான். "ஒம்போது வருஷம் உன்னைக் கேட்டுக்கு வெளியே நிக்க வெச்சேன்" என்றான். மாரப்பன், "பிடு தொரை, போகட்டுமுங்க" என்றார். பத்தாவது வருடம் அவன் அவரிடம் சொன்ன அதே கன்னடச் சொல்.

"நாளைக்கு இந்தக் கார் கிளம்பணும்னா ஸ்டீயரிங்கை நீ பார்க்கணும்" என்றான் தேவய்யா.

"மாட்டேனுங்க. நானு தொடறதில்ல."

"அப்போ கார் இங்கேயே நிக்கட்டும். எனக்கென்ன, ஒரு கால்தானே இருக்கு, ஊர்வலம் போகலைன்னா வலிக்காது."

மாரப்பன் காரின் இடது முன்சக்கரத்தைப் பார்த்தார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்தார். கோணிப் பையை விரித்து, எழுபத்தொரு வயது உடம்பை மெல்ல இறக்கிக் காருக்கு அடியில் படுத்தார். இடது டைராடு முனை. இருந்த பின்னைப் பிடுங்கினார், நட்டைத் தளர்த்தி மறுபடி முடுக்கினார். புதுப் பின்னைச் செருகி மடக்கினார். அதையும் பிடுங்கினார். இன்னொன்று போட்டார். அதையும் பிடுங்கினார். மூன்று பின்கள் வீணாயின. ஸ்பேனர் இரும்பில் மோதி மோதி ஒலித்தது. உண்மை தெரிந்துவிட்டால் கைமேல் நம்பிக்கை தானாகத் திரும்பிவிடும் என்று கோவென்ட்ரியிலிருந்து கிளம்பும்போது நான் நினைத்திருந்தேன். அப்படி இல்லை.

நான்காவது பின்னைப் போட்டுவிட்டு அவர் அசையாமல் கிடந்தார். பிறகு அடியிலிருந்து கூப்பிட்டார்.

"இஞ்சினீரு."

நான் மண்டியிட்டுக் குனிந்தேன்.

"பின்னு இருக்குதான்னு பாரு. பாத்துச் சொல்லு."

டார்ச்சை அடித்துப் பார்த்தேன். முப்பத்து மூன்று வருடம் நான் பார்த்த எந்த இணைப்பையும் அவ்வளவு நேரம் பார்த்ததில்லை. பின் இருந்தது. இரண்டு காலும் ஒழுங்காக மடங்கியிருந்தன.

"இருக்கு மாரண்ணா."

அவர் தலையைத் திருப்பி என் முகத்தைப் பார்த்தார். பிறகு என் கையிலிருந்து டார்ச்சை வாங்கி, தானே ஒருமுறை பார்த்தார். அதற்கப்புறம்தான் தீக்குச்சியைக் கேட்டார்.

கோவென்ட்ரிக்குத் திரும்பி ஏழு மாதம் ஆகிறது. மாரப்பனுக்கு மாதம் ஒரு கடிதம் போடுகிறேன். பதில் இல்லை. எதிர்பார்க்கவும் எனக்கு உரிமை இல்லை. வசந்தி மறுபடி ஞாயிற்றுக்கிழமைகளில் வருகிறாள். புத்தகத்தை என்னிடம் கொடுத்துப் படித்துக் காட்டச் சொன்னாள். போன வாரம் தேவய்யாவின் அட்டை வந்தது, இரண்டே வரி. மைசூருக்குப் போயிருந்தானாம், மாரப்பன் வீட்டில் சாப்பிட்டானாம். மாரப்பன் பேத்தியைத் தூக்க ஆரம்பித்திருக்கிறார். தரையில் உட்கார்ந்திருக்கும்போது மட்டும்.